லிங்கின் பார்க்கின் ‘ஹைப்ரிட் தியரி’: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

லிங்கின் பார்க் என்ற கலிஃபோர்னியக் குழுவின் முதல் ஸ்டுடியோ ஆல்பத்தைப் பற்றிப் புதிதாகக் கேட்கத் தொடங்குபவர்களும், பல ஆண்டுகளாகக் கேட்டுவருபவர்களும் திரும்பத் திரும்ப எழுப்பும் கேள்விகளுக்கான விடைகள் இங்கே தரப்பட்டுள்ளன. பாடல் வரிகள் மேற்கோளாகத் தரப்படவில்லை. அவற்றின் பொருள் மட்டும் தேவையான இடங்களில் சொல்லப்பட்டுள்ளது.

‘ஹைப்ரிட் தியரி’ எப்போது, யாரால் வெளியிடப்பட்டது?

2000ஆம் ஆண்டு அக்டோபர் 24 அன்று வார்னர் பிரதர்ஸ் ரெக்கார்ட்ஸ் நிறுவனம் இதை வெளியிட்டது. 12 தடங்கள் கொண்ட இந்த ஆல்பம் 38 நிமிடத்துக்குள் முடிந்துவிடுகிறது. அதில் எந்தப் பாடலும் 4 நிமிடத்தைத் தொடுவதில்லை. குறுந்தகட்டில் 70 நிமிடத்துக்கு மேல் இடம் இருக்கிறது என்பதாலேயே அதை நிரப்பிவிடும் வழக்கம் பரவியிருந்த காலத்தில் இந்தச் சுருக்கம் தற்செயலாக அமைந்ததல்ல. இந்த ஆல்பத்தைப் பற்றிய பல கேள்விகளுக்கும் விடை இந்தச் சுருக்கத்தில்தான் இருக்கிறது என்பது என் எண்ணம்.

நு மெட்டல் என்பது என்ன? இந்த ஆல்பம் அந்த வகையைச் சேர்ந்ததுதானா?

1990களின் நடுப்பகுதியில் அமெரிக்காவில், குறிப்பாகக் கலிஃபோர்னியாவில் உருவான ஒரு ராக் வகைக்கு நு மெட்டல் என்று பெயர். சுருதியைத் தாழ்த்தி வைத்த கனத்த கிட்டார், ஹிப் ஹாப்பிலிருந்து எடுத்துக்கொண்ட தாளநடை, தாளத்துக்கேற்ப வரிகளைப் பேச்சுபோலச் சொல்லும் ராப், சில குழுக்களில் டிஜே ஒருவர் இசைத்தட்டைக் கையால் முன்னும் பின்னும் நகர்த்தி எழுப்பும் ஸ்க்ராட்ச் ஒலி, சொந்த வாழ்க்கையின் காயங்களை மறைக்காமல் பேசும் வரிகள் ஆகியவை அதன் பொது அடையாளங்கள். கோர்ன் குழு 1994இல் வெளியிட்ட முதல் ஆல்பத்தைப் பலர் இதன் தொடக்கமாகக் கொள்கிறார்கள். பின்னர் 1997இல் லிம்ப் பிஸ்கிட், 1998இல் சிஸ்டம் ஆஃப் எ டவுன், 1999இல் ஸ்லிப்நாட் எனக் குழுக்கள் ஒவ்வொன்றாகத் தத்தம் முதல் ஆல்பங்களோடு வந்து சேர்ந்தன.

மேற்சொன்ன அடையாளங்கள் அனைத்தும் ‘ஹைப்ரிட் தியரி’யில் இருப்பதால் அதை இந்த வகையில் சேர்ப்பது தவறாகாது. ஆனால் லிங்கின் பார்க் உறுப்பினர்கள் இந்தப் பெயரை விரும்பியதில்லை. பல பேட்டிகளில் அதை மறுத்தும் இருக்கிறார்கள். அவர்கள் மறுப்பில் ஓரளவு நியாயம் உண்டு. அந்த வகையின் மற்றக் குழுக்களிடம் காணப்பட்ட வீராப்பும் கேளிக்கைத்தனமும் இந்த ஆல்பத்தில் இல்லை. இங்கே பேசுபவர் யாரையும் மிரட்டுவதில்லை. தன்னைத்தானே அடக்கமுடியாமல் தவிப்பவராகவே பெரும்பாலும் ஒலிக்கிறார்.

குழு எப்படித் தோன்றியது? பாடகர் செஸ்டர் பெனிங்டன் தொடக்கத்திலிருந்தே அதில் இருந்தாரா?

இல்லை. 1996 வாக்கில் லாஸ் ஏஞ்சலஸை ஒட்டிய அகூரா ஹில்ஸ் பகுதியில் பள்ளித் தோழர்களான மைக் ஷினோடா, பிராட் டெல்சன், ராப் போர்டன் ஆகியோர் சேர்ந்து தொடங்கிய குழுவுக்கு ‘ஸீரோ’ என்று பெயர். (போர்டனுக்குப் பெயரில்தான் ராப், அவர் வாசித்தது டிரம்ஸ். ராப் பாடியவர் ஷினோடா.) டெல்சனோடு கல்லூரி விடுதி அறையைப் பகிர்ந்துகொண்ட டேவ் ஃபாரல், ஷினோடாவைப் போலவே பாசடீனாவின் ஆர்ட் சென்டர் கல்லூரியில் படித்த ஜோ ஹான் ஆகியோரும் இணைந்துகொண்டார்கள். முதன்மைப் பாடகராக மார்க் வேக்ஃபீல்டு என்பவர் இருந்தார். பெரிய நிறுவனம் எதுவும் அவர்களை ஏற்கவில்லை, வேக்ஃபீல்டு விலகினார்.

அதற்குப் பிறகு நடந்தது ரசிகர்களிடையே கதையாகவே சொல்லப்பட்டுவருகிறது. இசைப் பதிப்புரிமை நிறுவனமொன்றில் பணியாற்றிய ஜெஃப் ப்ளூ, அரிசோனா மாநிலத்தின் ஃபீனிக்ஸ் நகரில் இருந்த பெனிங்டனுக்கு ஸீரோவின் டெமோவை (மாதிரிப் பதிவை) அனுப்பிவைத்தார். பெனிங்டன் அதற்கு முன் கிரே டேஸ் என்ற உள்ளூர்க் குழுவில் பாடியிருந்தார், அது நிலைக்கவில்லை. 1999 மார்ச்சில் தன் 23ஆம் பிறந்தநாள் விருந்து நடந்துகொண்டிருந்தபோதே அதை விட்டுவிட்டு ஸ்டுடியோவுக்குச் சென்று, அந்த இசையின் மேல் தன் குரலைப் பதிவுசெய்து, அதைத் தொலைபேசி வழியாகவே ப்ளூவுக்குப் போட்டுக்காட்டினார். பின்னர் லாஸ் ஏஞ்சலஸுக்குப் போய் நேரில் பாடிக் குழுவில் சேர்ந்தார்.

‘ஹைப்ரிட் தியரி’ என்பது குழுவின் பெயராகவும் இருந்ததா?

ஆம். பெனிங்டன் சேர்ந்த பிறகு குழு தன் பெயரை ‘ஸீரோ’விலிருந்து ‘ஹைப்ரிட் தியரி’ என மாற்றிக்கொண்டது. கலப்பினக் கோட்பாடு என்று பொருள் தரும் அந்தப் பெயர் அவர்கள் செய்ய நினைத்த வேலையை நேராகவே அறிவித்தது. ஆனால் வேல்ஸ் நாட்டில் ‘ஹைப்ரிட்’ என்ற பெயரில் ஒரு மின்னணு இசைக்குழு ஏற்கெனவே இருந்ததால் சட்டச் சிக்கல் வரலாம் என்று கருதி அதைக் கைவிட நேர்ந்தது.

சான்டா மோனிகாவில் அன்று லிங்கன் பூங்கா என்று அழைக்கப்பட்ட ஒரு பூங்கா இருந்தது. பெனிங்டன் அதன் பெயரை முன்மொழிந்தார். இணைய முகவரியை அந்த எழுத்துக்கூட்டலோடு வாங்க அவர்களிடம் பணம் போதவில்லை; எனவே எழுத்துகளை மாற்றி ‘லிங்கின் பார்க்’ ஆனார்கள். இழந்த பெயரை முதல் ஆல்பத்துக்குத் தலைப்பாக வைத்து மீட்டுக்கொண்டார்கள்.

1999இல் இதே பெயரில் ஒரு வெளியீடு இருப்பதாகச் சொல்கிறார்களே, அது என்ன?

அது வேறு. பெரிய நிறுவனத்தோடு ஒப்பந்தம் ஏற்படுவதற்கு முன், குழுவே சொந்தமாகக் குறைந்த எண்ணிக்கையில் வெளியிட்ட 6 தடக் குறுந்தொகுப்பு அது. ‘கரோசெல்’, ‘ஸ்டெப் அப்’, ‘அண்ட் ஒன்’, ‘பார்ட் ஆஃப் மீ’ போன்றவை அதில் உள்ளன. அந்த 6 தடங்களில் ஒன்றுகூட 2000ஆம் ஆண்டின் ஆல்பத்தில் இடம்பெறவில்லை. ‘ஹை வோல்டேஜ்’ மட்டும் மறுவடிவம் பெற்று, ‘ஒன் ஸ்டெப் க்ளோசர்’ சிங்கிளின் (தனியாக வெளியிடப்பட்ட பாடலின்) மறுபக்கப் பாடல்களில் ஒன்றாக வந்தது. இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால், ஒரே ஆண்டு இடைவெளியில் அவர்கள் எவ்வளவு கறாராகத் தங்களைத் திருத்திக்கொண்டார்கள் என்பது விளங்கும். குறுந்தொகுப்பில் ஹிப் ஹாப்பின் தளர்ந்த நடைக்கு இடம் அதிகம். ஆல்பத்தில் அந்தத் தளர்வு முற்றிலும் இறுக்கப்பட்டுவிட்டது.

வார்னர் நிறுவனம் உடனே ஏற்றுக்கொண்டதா?

உடனே அல்ல. குழுவினர் பின்னர் சொல்லிவந்த கணக்கின்படி, நிறுவனங்களின் பிரதிநிதிகள் முன்னிலையில் நாற்பதுக்கும் மேற்பட்ட முறை வாசித்துக்காட்டி, எல்லாராலும் நிராகரிக்கப்பட்டார்கள். வார்னரும் நிராகரித்த நிறுவனங்களில் ஒன்று. ஜெஃப் ப்ளூ பின்னர் வார்னரில் பணியில் சேர்ந்து, தன்னோடு இந்தக் குழுவையும் அங்கே கொண்டுசென்றார்.

ஒப்பந்தம் முடிந்த பின்பும் இழுபறி தொடர்ந்தது. ராப்பைக் குறைத்துவிட்டு, பெனிங்டனை மட்டும் முன்னிறுத்தும் வழக்கமான ராக் குழுவாக அவர்களை மாற்ற வேண்டும் என்ற அழுத்தம் நிறுவனத் தரப்பிலிருந்து வந்ததாக உறுப்பினர்கள் பலமுறை கூறியுள்ளனர். ஜோ ஹான் ஆய்வகக் கோட்டும் கௌபாய் தொப்பியும் அணிந்து மேடையேறினால் எடுப்பாக இருக்கும் என்ற யோசனைகூட வந்ததாம். ஷினோடாவை ஓரங்கட்டும் பேச்சுக்குப் பெனிங்டன் இணங்கவில்லை. குழுவுக்கு அவர்தான் புதியவர் என்பதை நினைவில் வைத்துப் பார்த்தால், அவர் அன்று இணங்காததன் மதிப்பு விளங்கும். அவர் தலையசைத்திருந்தால் நாம் இன்று கேட்கும் ஆல்பம் இருந்திருக்காது.

ஒலிப்பதிவு எங்கே, எப்படி நடந்தது?

வட ஹாலிவுட்டில் உள்ள என்.ஆர்.ஜி. ஸ்டுடியோவில் 2000ஆம் ஆண்டின் முற்பாதியில் பதிவு நடந்தது. தயாரித்தவர் டான் கில்மோர். ஈவ் 6, லிட் ஆகிய குழுக்களின் ஆல்பங்களைத் தயாரித்திருந்த அவருக்கு ராக் பாடல்களின் கட்டமைப்பில் நல்ல பிடிப்பு இருந்தது. ஆனால் ஹிப் ஹாப் அவருடைய களம் அல்ல. ஆகவே தாளத் தடங்கள், சாம்பிள்கள் (வேறு பதிவுகளிலிருந்து எடுத்துப் பயன்படுத்தும் ஒலித்துண்டுகள்), ராப் ஆகியவற்றின் பொறுப்பு பெருமளவு ஷினோடாவிடமும் ஹானிடமும் இருந்தது. ‘வித் யூ’ பாடலில் மட்டும் டஸ்ட் பிரதர்ஸ் என்ற தயாரிப்பாளர் இணையின் பங்களிப்பு உண்டு.

தனித்தனியாகப் பதிவான ஒலிகளைச் சமன்செய்து ஒன்றாக்கும் மிக்ஸிங்கை ஆண்டி வாலஸ் நியூயார்க்கில் செய்தார். நிர்வாணா குழுவின் ‘நெவர்மைண்ட்’ ஆல்பத்தை மிக்ஸிங் செய்தவர் அவர்தான். வெளியீட்டுக்கான இறுதி ஒலிச் சீரமைப்பான மாஸ்டரிங்கைச் செய்தவர் பிரையன் கார்ட்னர்.

பாடல்களை உருவாக்கிய விதத்துக்குப் ‘பாயின்ட்ஸ் ஆஃப் அத்தாரிட்டி’ நல்ல சான்று. டெல்சன் வாசித்த கிட்டார் ரிஃப் (திரும்பத் திரும்ப வரும் சிறு இசைத்தொடர்) ஒன்றை ஷினோடா கணினியில் துண்டுதுண்டாக வெட்டி, வேறொரு வரிசையில் ஒட்டினார். அப்படி ஒட்டியதில் கிடைத்த புதிய ரிஃப் எல்லாருக்கும் பிடித்துப்போனது. ஆனால் அது எந்தக் கையும் வாசித்திராத ஒன்று. டெல்சன் கணினியிலிருந்து கேட்டுத் தன் ரிஃபைத் தானே புதிதாகப் பயின்று வாசிக்க வேண்டியதாயிற்று. ஒரு ஹிப் ஹாப் தயாரிப்பாளர் பழைய இசைத்தட்டை வெட்டி ஒட்டுவதைப்போல, இவர்கள் தங்கள் சொந்தக் குழுவின் வாசிப்பையே மூலப்பொருளாக வைத்துக்கொண்டார்கள். கலப்பினம் என்ற சொல்லுக்கு இந்த ஆல்பத்தில் உள்ள உண்மையான பொருள் இதுதான். ராப்புக்குப் பக்கத்தில் கிட்டாரை நிறுத்திவைப்பது மட்டும் கலப்பாகிவிடாது.

ஆல்பத்தில் பேஸ் கிட்டார் வாசித்தவர் யார்?

டேவ் ஃபாரல் அப்போது டேஸ்டி ஸ்நாக்ஸ் என்ற தன் வேறொரு குழுவோடு சுற்றுப்பயணத்தில் இருந்ததால், பதிவின்போது அவர் இல்லை. பெரும்பாலான பாடல்களில் பிராட் டெல்சனே பேஸும் வாசித்தார். ‘ஒன் ஸ்டெப் க்ளோசர்’ பாடலில் ஸ்காட் கோஸியலும், ‘பேப்பர்கட்’, ‘எ ப்ளேஸ் ஃபார் மை ஹெட்’, ‘ஃபர்காட்டன்’ ஆகியவற்றில் இயன் ஹார்ன்பெக்கும் வாசித்தார்கள். ‘ஒன் ஸ்டெப் க்ளோசர்’ காணொளியில் அறிமுகமில்லாத ஒரு முகம் தெரிகிறதே என்று கேட்பவர்களுக்கான விடையும் இதுவே: அவர் கோஸியல். ஆல்பம் வெளியான பின் ஃபாரல் குழுவுக்குத் திரும்பினார்.

ராப்பும் பாட்டும் மாறிமாறி வருவது அந்தக் காலத்தில் எல்லாரும் செய்ததுதானே? இதில் என்ன சிறப்பு?

எல்லாரும் செய்தார்கள் என்பது ஓரளவு உண்மை. ஆனால் மற்றக் குழுக்களில் பெரும்பாலும் ஒரே பாடகர் சரணத்தில் ராப் செய்துவிட்டுப் பல்லவியில் கத்துவார். லிங்கின் பார்க்கில் இரண்டு பேர் இருந்தார்கள். அந்த இருவரும் ஒரே ஆளின் இரண்டு மனநிலைகளைப்போல எழுதினார்கள். ஷினோடாவின் குரல் நிதானமானது, கணக்காகச் சொல் அடுக்குவது, நடந்ததை விவரிப்பது. அந்த விவரிப்பு தாங்கமுடியாமல்போகும் இடத்தில் பெனிங்டனின் குரல் வெடிக்கிறது.

‘இன் தி எண்ட்’ பாடலைக் கவனித்துக் கேளுங்கள். சரணத்தில் ஷினோடா ராப் செய்துகொண்டிருக்கும்போதே, அவருடைய வரிகளின் இடைவெளிகளில் பெனிங்டன் சின்னச்சின்னத் தொடர்களை மெல்லிய குரலில் செருகுகிறார். பல்லவி வருவதற்குள் அந்தக் குரலுக்கு நம் காது பழகிவிடுகிறது. எனவே அது முழு வலுவோடு எழும்போது புதிய ஆள் உள்ளே நுழைந்ததாகத் தோன்றுவதில்லை. ‘பேப்பர்கட்’ பாடலின் இறுதியில் இருவர் குரலும் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டு, எது யாருடையது என்று பிரித்தறிவதே கடினமாகிவிடுகிறது. தன் மண்டைக்குள் இன்னொரு முகம் இருந்து தன்னைக் கவனிக்கிறது என்ற ஐயத்தைப் பற்றிய பாடல் அது. அதற்கு இதைவிடப் பொருத்தமான முடிவு இருக்கமுடியாது. ஆல்பத்தின் முதல் தடமாக அதை வைத்ததும் சரியான முடிவே. குழு என்ன என்பது 3 நிமிடத்தில் தெரிந்துவிடுகிறது.

எல்லாப் பாடல்களிலும் இந்தப் பங்கீடு சமமாக இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். ‘ஒன் ஸ்டெப் க்ளோசர்’ பாடலில் ராப் இல்லவே இல்லை. ‘க்ராலிங்’ பாடலில் ஷினோடாவுக்குச் சில வரிகள் மட்டுமே.

‘ஒன் ஸ்டெப் க்ளோசர்’ பாடலில் வரும் அந்த உரத்த கட்டளை யாரை நோக்கியது?

தயாரிப்பாளரை நோக்கியது. ‘ரன்அவே’ பாடலைச் சரிசெய்ய முடியாமல் குழு நெடுநாள் திண்டாடியது. கில்மோர் வரிகளை மீண்டும் மீண்டும் மாற்றி எழுதச் சொல்லிக்கொண்டே இருந்தார். அந்த எரிச்சலிலிருந்து ‘ஒன் ஸ்டெப் க்ளோசர்’ பிறந்தது. தான் பேசும்போது வாயை மூடச் சொல்லிப் பெனிங்டன் அலறும் பகுதி கில்மோரை மனத்தில் வைத்து எழுதப்பட்டது என்று குழுவினர் பின்னர் சிரித்துக்கொண்டே ஒப்புக்கொண்டார்கள். யாரைத் திட்டி எழுதப்பட்டதோ அவரே அதைப் பொறுமையாகப் பதிவுசெய்திருக்கிறார். அவருக்கும் ஒரு பாராட்டுச் சேர வேண்டும். ஆல்பத்தின் முதல் சிங்கிளாகவும் இதுவே வெளிவந்தது.

‘க்ராலிங்’ எதைப் பற்றிய பாடல்?

போதைப்பழக்கத்தின்போது தன் மீதே தனக்குக் கட்டுப்பாடு இல்லாமல்போன உணர்வைப் பற்றியது என்று பெனிங்டன் விளக்கியிருக்கிறார். சிறுவயதில் தான் பாலியல் வன்முறைக்கு ஆளானதையும், பதின்பருவத்தில் போதைப்பொருளுக்கு அடிமையானதையும் அவர் வெளிப்படையாகப் பேசியவர். ஆனாலும் அந்தப் பாடலில் எந்த நிகழ்ச்சியும் விவரிக்கப்படவில்லை. தோலுக்கடியில் ஏதோ ஊர்வதுபோன்ற உணர்வு மட்டுமே சொல்லப்படுகிறது. அதனால்தான் முற்றிலும் வேறு துயரங்களைச் சுமந்த கேட்பவர்களும் அதைத் தங்கள் பாடலாக எடுத்துக்கொள்ள முடிந்தது.

‘இன் தி எண்ட்’ பாடலைப் பெனிங்டன் வெறுத்தார் என்பது உண்மையா?

வெறுத்தார் என்பது மிகை. அந்தப் பாடல் தனக்குப் பெரிதாகப் பிடிக்கவில்லை என்றும், ஆல்பத்தில் அது இடம்பெறுவதையே தான் விரும்பவில்லை என்றும் அவரே ஒரு பேட்டியில் கூறினார். பின்னர் அதன் அருமை புரிந்ததாகவும் சொன்னார். அதன் இசையை ஷினோடா ஹாலிவுட் பகுதியில் இருந்த ஒத்திகைக்கூடத்தில் ஓர் இரவு முழுவதும் தனியாகத் தங்கி எழுதினார். காலையில் அதை முதலில் கேட்டவர் போர்டன். தங்களுக்கு இப்படியொரு பாடல் வேண்டும் என்று வரும் வழியிலேயே தான் நினைத்துக்கொண்டு வந்ததாக அவர் சொன்னாராம். அந்தப் பாடல் அமெரிக்க இசை இதழான பில்போர்டின் ஹாட் 100 பாடல் பட்டியலில் 2ஆம் இடம்வரை சென்றது.

எல்லாப் பாடல்களும் ஆல்பத்துக்காகவே புதிதாக எழுதப்பட்டவையா?

இல்லை. சில பாடல்களுக்கு ஸீரோ காலத்திலேயே வேர் உண்டு. ‘ஃபர்காட்டன்’ முன்பு ‘ரைன்ஸ்டோன்’ என்ற பெயரில் இருந்தது; ‘எ ப்ளேஸ் ஃபார் மை ஹெட்’ அப்போது ‘ஈசால்’ என்று அழைக்கப்பட்டது; ‘ரன்அவே’, ‘ஸ்டிக் அண்ட் மூவ்’ என்ற டெமோவிலிருந்து வளர்ந்தது. இவற்றின் பழைய வடிவங்களைக் கேட்டால், நல்ல பகுதிகளைக்கூட இரக்கமில்லாமல் வெட்டியிருப்பது தெரியும்.

ஜோ ஹான் என்ன செய்கிறார்? அவர் இல்லாவிட்டால் என்ன குறையும்?

டர்ன்டேபிள் (இசைத்தட்டுச் சுழலி), சாம்பிள்கள், பின்னணி ஒலிகள் ஆகியவை அவர் பொறுப்பு. 11ஆம் தடமான ‘க்யூர் ஃபார் தி இட்ச்’ முழுக்க அவருடையது. பாட்டு இல்லாத அந்தத் தடத்தில் ஸ்க்ராட்சும் வயலின் ஒலிகளும் சேர்ந்து, 10 பாடல்களின் இறுக்கத்துக்குப் பிறகு காதுக்கு ஓய்வு தருகின்றன. அதைத் தாண்டிச்செல்பவர்கள் நிறையப் பேர். தாண்டினால் அடுத்து வரும் ‘புஷ்ஷிங் மீ அவே’ பாதி வலுவை இழந்துவிடும். அதோடு, ‘இன் தி எண்ட்’ காணொளியை நேதன் காக்ஸுடன் சேர்ந்து இயக்கியவரும் ஹான்தான். கிட்டார் தனியாவர்த்தனம் என்ற ஒன்று இந்த ஆல்பத்தில் எங்கும் கிடையாது. அது வரவேண்டிய இடங்களைப் பெரும்பாலும் நிரப்புபவை ஹானின் ஒலிகளே.

ஆல்பத்தில் கெட்ட வார்த்தை ஒன்றுகூட இல்லையாமே?

ஒன்றுகூட இல்லை. அந்த ஆண்டுகளில் இந்த வகை ஆல்பங்களின் அட்டையில் பெற்றோருக்கான எச்சரிக்கை முத்திரை இருப்பது ஏறக்குறைய வழக்கமாகவே ஆகியிருந்தது. ‘ஹைப்ரிட் தியரி’க்கு அது தேவைப்படவில்லை. வசைச்சொல்லுக்குப் பின்னால் ஒளிந்துகொள்ளாமல் நேராகச் சொல்ல வேண்டும் என்ற எண்ணத்தோடு தானும் ஷினோடாவும் எழுதியதாகப் பெனிங்டன் விளக்கினார். இதை வணிகத் தந்திரம் என்று ஏளனம் செய்தவர்களும் உண்டு. தந்திரமாகவே இருந்தாலும், எழுத்துக்கு அது நன்மைதான் செய்தது. கோபம் வரும்போது வசைச்சொல் எளிதில் கிடைக்கும் பொருள். அதை விலக்கிவிட்டால் கோபத்துக்கான காரணத்தைச் சொல்லியே ஆக வேண்டும்.

இது நிறுவனம் வார்த்தெடுத்த செயற்கைக் குழு என்ற குற்றச்சாட்டில் உண்மை இருக்கிறதா?

குழு பெரும்புகழ் அடைந்தபோது இந்தப் பேச்சும் எழுந்தது. பள்ளிப்பருவ நட்பில் தொடங்கி, பல ஆண்டுகள் நிராகரிக்கப்பட்டு, நிறுவனத்தின் விருப்பத்துக்கு எதிராகத் தங்கள் வடிவத்தைக் காப்பாற்றிக்கொண்டவர்களுக்கு அது பொருந்தாது. ஆனால் அந்தப் பேச்சு ஏன் எழுந்தது என்பது புரிகிறது. இந்த ஆல்பம் மிகவும் சீராக இருக்கிறது. பிசிறு இல்லை, ஒவ்வொரு பல்லவியும் வரவேண்டிய நொடியில் வருகிறது, அலறல்கூட அளந்து வைக்கப்பட்டிருக்கிறது. உணர்ச்சி என்றால் கட்டற்றுப் பொங்க வேண்டும் என்று நினைப்பவர்களுக்கு இந்த ஒழுங்கு பொய்யாகப் படும். தச்சர் பலமுறை இழைத்த பலகையை யாரும் பொய்ப்பலகை என்று சொல்வதில்லை. இசையில் மட்டும் இழைப்பது குற்றமாகிவிடுகிறது.

ஒரு குறையை மறுப்பதற்கில்லை. பாடல்களின் கட்டமைப்பு ஒன்றுக்கொன்று மிக நெருக்கமானது. மெல்லிய தொடக்கம், சரணம், உரத்த பல்லவி, இடையில் ஓர் உச்சம், மீண்டும் பல்லவி என்ற அச்சு பல தடங்களில் திரும்ப வருகிறது. ஆல்பம் இன்னும் 20 நிமிடம் நீண்டிருந்தால் அது சலித்திருக்கும்.

அட்டையில் உள்ள சிறகு முளைத்த படைவீரனின் பொருள் என்ன?

கொடி ஏந்திய படைவீரனுக்குத் தும்பியின் சிறகுகள் முளைத்திருப்பதாக அமைந்த அந்த உருவத்தை வரைந்தவர் ஷினோடா; அவர் கல்லூரியில் படித்தது ஓவியம்தான். சுவரில் அச்சுத்தகடு வைத்து வண்ணம் தெளிக்கும் தெருவோவிய முறையில் அது அமைந்துள்ளது. இறுகிய படைவீரனும் மெல்லிய சிறகும் இசையின் கடுமையையும் மென்மையையும் குறிப்பதாகக் குழுவினர் விளக்கினார்கள்.

விற்பனையும் விருதுகளும் எப்படி இருந்தன?

பில்போர்டு 200 ஆல்பப் பட்டியலில் 16ஆம் இடத்தில் நுழைந்து, பின்னர் 2ஆம் இடம்வரை ஏறியது. அந்தப் பட்டியலில் முதலிடத்தை அது ஒருபோதும் பிடிக்கவில்லை. ஆனால் 2001இல் அமெரிக்காவில் மிக அதிகமாக விற்ற ஆல்பம் இதுதான். அந்த ஓராண்டில் மட்டும் சுமார் 48 லட்சம் பிரதிகள் போயின. ஒரு வாரத்தில் பாய்ந்து விழாமல், மாதக்கணக்கில் விடாமல் விற்றுக்கொண்டே இருந்ததை இந்த இரண்டு செய்திகளும் சேர்ந்து காட்டுகின்றன. 2005இல் 1 கோடிப் பிரதிகளுக்கான வைரச் சான்றிதழை அமெரிக்க ஒலிப்பதிவுத் தொழில் சங்கம் வழங்கியது. 2020இல் அது 12 மடங்கு பிளாட்டினமாக, அதாவது 1 கோடியே 20 லட்சமாக உயர்ந்தது.

2002ஆம் ஆண்டு கிராமி விழாவில் ‘க்ராலிங்’ சிறந்த ஹார்டு ராக் நிகழ்த்துகைக்கான விருதைப் பெற்றது. சிறந்த ராக் ஆல்பத்துக்கும் சிறந்த புதிய கலைஞருக்கும் பரிந்துரைகள் இருந்தன. முதலாவதை யூ2 குழுவும் இரண்டாவதை அலிஷியா கீஸும் வென்றார்கள்.

பெனிங்டனின் மறைவுக்குப் பிறகு இந்த ஆல்பத்தை வேறுவிதமாகக் கேட்க வேண்டுமா?

2017 ஜூலை 20 அன்று பெனிங்டன் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். அதன் பிறகு பலர் இந்த வரிகளுக்குள் முன்னறிவிப்புகளைத் தேடுகிறார்கள். வரிகளை எழுதியவர்கள் இருவர் என்பதையும், அவற்றை எழுதியபோது பெனிங்டனுக்கு 24 வயதுகூட நிறைந்ததோ இல்லையோ என்பதையும், அதற்குப் பின் அவர் 17 ஆண்டுகள் பாடினார் என்பதையும் அவர்கள் மறந்துவிடுகிறார்கள். இந்தப் பாடல்கள் வலியைச் சொல்லிப் பகிர்ந்துகொள்வதற்காக எழுதப்பட்டவை. பலர் தங்கள் இருண்ட நாள்களைக் கடக்க அவை துணைநின்றன. அவற்றை ஒரு மரணத்தின் அடிக்குறிப்பாகச் சுருக்குவது அவருக்குச் செய்யும் நியாயமாகாது.

குழு இப்போதும் இயங்குகிறதா?

இயங்குகிறது. 2024இல் எமிலி ஆம்ஸ்ட்ராங்கைப் பாடகியாகவும் காலின் பிரிட்டனை டிரம்ஸ் வாசிப்பவராகவும் சேர்த்துக்கொண்டு ‘ஃப்ரம் ஸீரோ’ என்ற ஆல்பத்தை வெளியிட்டது. தலைப்பில் குழுவின் முதல் பெயர் ஒளிந்திருக்கிறது.

எந்தப் பதிப்பைத் தேடிக் கேட்பது நல்லது?

முதலில் 12 தடங்கள் மட்டும் கொண்ட மூலப் பதிப்பை, வரிசை மாற்றாமல், ஒரே அமர்வில் கேளுங்கள். பிடித்திருந்தால் அடுத்து 2002 ஜூலையில் வந்த ‘ரீஅனிமேஷன்’ என்ற மறுகலவைத் தொகுப்புக்குப் போகலாம். பல ஹிப் ஹாப் கலைஞர்கள் பங்கேற்ற அந்தத் தொகுப்பில் ஆல்பத்தின் பாடல்கள் பிரித்து மறுபடியும் கட்டப்பட்டுள்ளன, எழுத்துக்கூட்டலும் தலைப்புகளும்கூட உருமாறியிருக்கும். 2020 அக்டோபரில் வெளியான 20ஆம் ஆண்டுச் சிறப்புப் பதிப்பில் பழைய டெமோக்களும், 1999ஆம் ஆண்டுக் குறுந்தொகுப்பும், நெடுங்காலம் வெளியிடப்படாமல் இருந்த ‘ஷீ குடின்ட்’ என்ற பாடலும் உள்ளன. மென்மையான, ஏறக்குறைய முணுமுணுப்பாகவே நகரும் அந்தப் பாடலை இவர்கள் 1999இலேயே உருவாக்கிவிட்டு, ஆல்பத்தில் சேர்க்காமல் விட்டுவிட்டார்கள். வேறு எந்தக் குழுவும் அதை விட்டுவைத்திருக்காது.